கர்தினாலின் கால்வீக்கம்

மரியநாயகம் அண்ணை இறந்த செய்தி ஒரு செவ்வாய்க்கிழமை காலை எனக்கு வந்தது. டொரோண்டோவுக்குப் பக்கத்து மார்க்கம் நகரில் ஒரு பல் வைத்தியரின் கிளினிக்கில் முன்மேசையில் வேலை செய்கிறேன். கடைவாய்ப் பல்லைப் பிடுங்க வந்த ஒருவருக்கு, வலிக்கவே வலிக்காது என்ற வழக்கமான பொய்யைச் சொல்லிக்கொண்டிருந்தபோது கைபேசி அதிர்ந்தது. அண்ணையின் மனைவி பிலோமினா அக்கா.

"பிள்ளை, கர்தினால் போயிட்டார்," என்றார். "எட்டேகாலுக்கு. நான் பக்கத்திலதான் இருந்தனான். கடைசியாச் சொன்ன கதை, தலகாணி சரியில்லை எண்டது. நீர் எழுதவேண்டி வரும், அதுதான் இப்பவே சொல்லுறன்."

நான் அழத் தொடங்கினேன். பல் பிடுங்க வந்தவர் என்னைப் பார்த்துவிட்டு, தன் எக்ஸ்ரேயில் ஏதோ பெரிய கோளாறு என்று நினைத்து எழுந்து நின்றுவிட்டார். அவரைத் திரும்ப உட்கார வைக்கப் பத்து நிமிடம் பிடித்தது.

எங்கள் கத்தோலிக்கக் கோயில் பங்கின் தமிழ் மாத இதழைத் தொடர்ந்து படிக்கிறவர்களுக்கு அவரை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. ஆனால் இந்த இதழ் இப்போது மருமக்கள், பேரப்பிள்ளைகள் கைகளுக்கும் போகிறது என்பதால் சொல்லிவிடுகிறேன். ரெக்ஸ்டேலில் வசித்த மரியநாயகம் அண்ணை, ஓய்வுபெறும்வரை ஒரு கல்லூரி நூலகத்தில் துப்புரவுப் பகுதியின் மேற்பார்வையாளராக இருந்தவர். அதற்கு முன்னர் ஊரில் ஆறு வருடம் குருமடத்தில் படித்து, குருவாகாமல் வெளியே வந்தவர். நானூறு வருடங்களுக்கு முன் இத்தாலியில் வாழ்ந்த வல்தெமாரி என்ற ஒரு கர்தினாலின் வாழ்க்கையை இந்த இதழில் மாதம் இரண்டு பக்கமாக ஒன்பது வருடம் எழுதினார். அதனால் அவருக்கே கர்தினால் என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. வீட்டிலும் அதுதான் பெயர். பிலோமினா அக்கா கோபம் வந்தால் மட்டும் மரியநாயகம் என்பார்.

நான் இந்த இதழின் ஆசிரியர். அந்தப் பதவி என் எழுத்துத் திறமைக்காகக் கிடைத்ததல்ல. பங்கில் கணினியில் தமிழ் தட்டத் தெரிந்தவள் அப்போது நான் ஒருத்திதான். நான்கு வருடங்களுக்கு முன் அண்ணை என்னிடம் ஒரு வாக்கு வாங்கினார். "நான் செத்தால் நீர்தான் எழுதவேணும். ஒரு பொய்யும் வரப்படாது. வந்துதெண்டா நான் எழும்பி வருவன்." வாக்குக் கொடுத்துவிட்டேன். அன்றிலிருந்து எனக்கு உள்ளூரப் பயம்தான். இறந்தவர்களைப் பற்றிப் பொய் கலக்காமல் ஒரு பந்திகூட நான் எழுதியதில்லை. அப்படி எழுதினால் எனக்கு என்ன ஆகும் என்பதும் தெரியும். அந்தப் பயத்தோடுதான் இதை எழுதுகிறேன்.

டொரோண்டோவில் நம்மவர் ஒருவர் இறந்தால் முப்பத்தோராம் நாளுக்கு ஒரு நினைவு மலர் வரும். முன்னட்டையில் கோட் போட்ட படம், உள்ளே வாழ்க்கை வரலாறு, பின்னட்டையில் நன்றி நவிலல். எங்கள் பங்கில் அந்த வாழ்க்கை வரலாற்றை எழுதுகிறவர் பல வருடங்களாக மரியநாயகம் அண்ணைதான். செத்தவரின் வீட்டார் தங்கள் குசினி மேசையைச் சுற்றியிருந்து சொல்லச் சொல்ல எழுதுவார். செத்தவர் எல்லாரும் அவர் கையில் உத்தமர்கள் ஆனார்கள். ஒருமுறை, வேலித் தகராறில் இரண்டு பக்கத்து வீட்டாரையும் நீதிமன்றத்துக்கு இழுத்த ஒருவர் காலமானார். "அயலவரை நேசித்தவர் எண்டு போடுங்கோ," என்றது குடும்பம். அண்ணை பேனாவைக் கீழே வைத்துவிட்டு நெடுநேரம் யோசித்தார். பிறகு, 'அயலவரை ஒருநாளும் மறவாதவர்' என்று எழுதினார். குடும்பத்துக்கு அது நன்றாகப் பிடித்துப்போயிற்று.

அன்று காரில் திரும்பும்போது அவர் சொன்னது நினைவிருக்கிறது. "பிள்ளை, நான் செத்தவையைக் கழுவித் துடைச்சு அனுப்புற ஆளாப் போனன். வேலையிலயும் துடைக்கிறன், இங்கையும் துடைக்கிறன். ஒரே ஒரு மனிசனைப் பற்றியெண்டாலும் உள்ளதை உள்ளபடி எழுதிப்போட்டுத்தான் சாகவேணும். அதுக்குத்தான் உந்தக் கர்தினாலைப் பிடிச்சு வைச்சிருக்கிறன். செத்து நானூறு வருசம். சண்டைக்கு வர ஸ்காபரோவில சொந்தக்காரர் ஒருத்தரும் இல்லை."

கர்தினால் அவருக்குக் கிடைத்தது நூலகம் கழித்துவிட்ட புத்தகப் பெட்டி ஒன்றில். வேண்டியவர் எடுக்கலாம் என்று வாசலில் வைத்திருந்த பெட்டிக்குள், தோல் அட்டை போட்ட ஓர் இத்தாலியப் புத்தகம். கர்தினாலின் செயலாளர் எழுதிய வாழ்க்கை வரலாறு. குருமடத்தில் படித்த லத்தீன் அரைகுறையாகக் கைகொடுத்தது. மிச்சத்துக்கு, அப்போது அவர் குடியிருந்த பார்க்டேல் பேஸ்மென்ற்றின் வீட்டுக்காரர் பீனோ இருந்தார். பீனோ ஓர் இத்தாலியக் கிழவர். குருமார் என்றாலே அவருக்கு ஆகாது. ஞாயிறு பூசை முடிந்து அண்ணை வந்ததும் இருவரும் புத்தகத்தோடு உட்காருவார்கள். பீனோ ஒரு வரியை ஆங்கிலத்தில் சொல்லுவார், பிறகு அந்த வரியைத் திட்டுவார். அண்ணை இரண்டையும் எழுதிக்கொள்வார். அவருடைய கொப்பிகளில் எது கர்தினாலின் வாழ்க்கை, எது பீனோவின் வசவு என்று பிரித்தெடுக்கவே சில வருடங்கள் போயின.

அந்தப் புத்தகத்தில் ஒரு விசேஷம் இருந்தது. முன்பாதியில் செயலாளர் தன் எசமானைக் குறையொன்றும் இல்லாத மகானாக எழுதியிருந்தார். பின்பாதியில் கர்தினாலும் அவர் வீட்டாரும் எழுதிய கடிதங்களைச் சேர்த்திருந்தார். சேர்ப்பதற்கு முன்னர் அவர் அவற்றை வாசிக்கவில்லை என்பது அண்ணையின் முடிவு. "முன்பக்கம் நினைவு மலர், பின்பக்கம் நடந்த கதை," என்பார்.

வல்தெமாரி பத்தொன்பது வயதில் கர்தினால் ஆனவர். அப்போது அவர் குருவாகக்கூட ஆகியிருக்கவில்லை. தாயின் தம்பி பாப்பரசராகத் தெரிவானார். சில வாரங்களுக்குள் அக்காவின் மகனுக்குக் கர்தினாலின் சிவப்புத் தொப்பி வந்துவிட்டது. பின்னாலேயே பல பங்குகள் அடங்கிய ஒரு மறைமாவட்டம், இரண்டு மடங்கள், ஒரு மாளிகை. அந்தக் காலத்தில் அது வழக்கம்தான். பாப்பரசரின் மருமகன் என்பதே ஒரு பதவியாக இருந்தது. இதை அண்ணை இரண்டாவது அத்தியாயத்தில் எழுதினார். இதழ் வெளிவந்த ஞாயிறு, பூசை முடிந்து கோயிலின் கீழ் மண்டபத்தில் தேநீரும் ரோல்சுமாக நின்றோம். பங்குச்சபைத் தலைவர் ஞானப்பிரகாசம் அங்கிள் இதழைச் சுருட்டிப் பிடித்தபடி வந்தார். அந்த வருடத் திருவிழாவுக்கு ஒலிபெருக்கிப் பொறுப்பைத் தன் தங்கச்சியின் மகனுக்குக் கொடுத்திருந்தவர் அவர். அந்த விஷயம் எங்களில் பலருக்கு அதுவரை தெரியாது.

"உது என்னைப் பற்றித்தானே?" என்றார்.

"ஞானம், உவர் பாப்பரசர். நீர் பங்குச்சபைத் தலைவர்," என்றார் அண்ணை. "உமக்கு ஆசை கொஞ்சம் கூடிப்போச்சு."

"மருமகனுக்குப் பதவி குடுத்தது எண்டு எழுதியிருக்கு."

"அவர் குடுத்தது மறைமாவட்டம். நீர் குடுத்தது மைக்."

அத்தோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. அடுத்த கிழமைக்குள் இன்னும் மூன்று பேர் முகத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். ஒருவர் கிறிஸ்மஸ் நாடகத்தில் சொந்த மகளையே மாதாவாகப் போட்டவர். அந்த மாதம் எங்கள் பங்கில் நான்கு பேர் தங்களைப் பாப்பரசராக நினைத்துக்கொண்டு திரிந்தார்கள். பாதர் என்னைக் கூப்பிட்டார். "கதை இத்தாலியிலதானே நடக்குது?" என்று கேட்டார். ஓம் என்றேன். "அதைக் கொஞ்சம் பெரிய எழுத்தில போடும்," என்றார். அடுத்த இதழிலிருந்து ஒவ்வொரு அத்தியாயத்தின் தலையிலும் 'இத்தாலி' என்று தடித்த எழுத்தில் அச்சிட்டோம்.

இரண்டாவது சிக்கல் திரேசம்மா அன்ரியிடமிருந்து வந்தது. கர்தினால் தனக்குக் கிடைத்த மறைமாவட்டத்தைப் பதினொரு வருடமாக எட்டியும் பார்க்காதவர். ஒருமுறை புறப்பட்டார், வழியில் மழை வந்தது, திரும்பிவிட்டார். இதை அண்ணை விலாவாரியாக எழுதிய இதழில், புத்தகத்திலிருந்த கர்தினாலின் படத்தையும் போட்டிருந்தோம். அன்ரிக்குக் கண்பார்வை குறைவு. அத்தியாயத்தைப் படிக்காமல் படத்தை மட்டும் வெட்டிச் சட்டம் போட்டு, புனித அந்தோனியார் படத்துக்குப் பக்கத்தில் வைத்து மெழுகுதிரி ஏற்றிவிட்டார். அவருடைய மகள் கார் ஓட்டும் பரீட்சையில் நான்கு தரம் தவறியவள். ஐந்தாம் தரம் சித்தியடைந்தாள். நம் வழக்கப்படி அன்ரி இதழுக்கு ஒரு நன்றி அறிவித்தல் கொண்டுவந்தார்: 'மன்றாடிக் கேட்ட உபகாரத்தைப் பெற்றுத்தந்த புனித வல்தெமாரிக்கு நன்றி.'

அண்ணைக்கு முகம் சிவந்துவிட்டது. "அன்ரி, உவர் புனிதர் இல்லை. பதினொரு வருசம் தன்ர சனத்தைப் பார்க்கப் போகாத ஆள்."

"அதுக்கென்ன தம்பி," என்றார் அன்ரி. "என்ர மகளும் நாலுதரம் போய்ப் பாஸ் பண்ணாத ஆள்தானே. அவருக்கு அவளை விளங்கியிருக்கும்."

அறிவித்தலை, 'புனித' என்ற சொல்லை மட்டும் எடுத்துவிட்டு வெளியிட்டோம். அன்ரியின் வீட்டில் படம் இன்னமும் இருக்கிறது. இப்போது அவருடைய பேரனும் பரீட்சைக்குப் போகிறானாம்.

பொய் கூடாது என்பதால் அண்ணையின் குறைகளையும் சொல்ல வேண்டும். அவர் நெடுஞ்சாலையில் ஐம்பதுக்கு மேல் ஓட்டாதவர். பின்னால் வருகிறவர்கள் ஹோர்ன் அடித்தால், தெரிந்தவர்கள் என்று நினைத்துக் கையசைப்பார். பாடகர் குழுவில் அவர் பாடாத ஞாயிறுகளில்தான் குழு நன்றாகப் பாடியது. கறி கொடுத்துவிட்ட பாத்திரத்தை ஒருபோதும் திருப்பித் தரமாட்டார். எங்கள் வீட்டு நீல மூடிப் பாத்திரங்கள் மூன்று ரெக்ஸ்டேலில் இருக்கின்றன. தவறை ஒத்துக்கொள்ளவும் மாட்டார். ஒரு சமயம் இரண்டு கர்தினால்களைக் குழப்பி, வல்தெமாரியை அவர் பிறப்பதற்கு முன்னரே திருச்சபையின் ஒரு பெரிய சங்கத்தில் பேச வைத்துவிட்டார். நான் சுட்டிக்காட்டினேன். அடுத்த அத்தியாயம் இப்படித் தொடங்கியது: 'சென்ற இதழை வாசகர்கள் அவசரமாகப் படித்திருக்கலாம்.'

குருமடத்தை விட்டது ஏன் என்பதற்கும் ஒரே பதில் கிடையாது. பாதரிடம் உடம்பு சரியில்லாமல் போனது என்று சொல்லியிருக்கிறார். என்னிடம், அதிபரின் பிரசங்கத்தில் சிரித்ததால் அனுப்பிவிட்டார்கள் என்றார். பிலோமினா அக்காவைக் கேட்டால், "என்னைக் கண்டவர், வேறென்ன," என்கிறார். மூன்றையும் இங்கே பதிவு செய்கிறேன். எது உண்மை என்று எனக்குத் தெரியாது.

இனி எங்கள் சண்டைக்கு வருகிறேன். அது கோவிட் காலம். கோயில் பூட்டியிருந்தது, இதழ் மின்னஞ்சலில்தான் போய்க்கொண்டிருந்தது. எங்கள் பங்கிலேயே சிலரை இழந்திருந்தோம். அடக்கப் பூசையைக் கணினித் திரையில் பார்த்தோம். அந்த நேரத்தில் அண்ணையின் தொடரில் கொள்ளைநோய் வந்து சேர்ந்தது. கர்தினாலின் மாமா இறந்து, புதிய பாப்பரசருக்கு அவரைப் பிடிக்காமல் போய், உரோமையில் இருக்க வழியில்லாமல் கடைசியில் தன் மறைமாவட்டத்துக்கே வந்திருந்தார். வந்து இரண்டாம் வருடம் ஊரில் நோய். பணக்காரரும் பாதிக் குருமாரும் வண்டி கட்டிக்கொண்டு ஓடினார்கள். கர்தினால் ஓடவில்லை. மந்தையின் மேலிருந்த அன்பால் நின்றார் என்கிறது புத்தகத்தின் முன்பாதி. பின்பாதியில் அவர் தன் தங்கைக்கு எழுதிய கடிதம் இருக்கிறது. வலது கால் பூசணிக்காய்போல வீங்கிவிட்டது, வண்டியில் ஏற முடியவில்லை, ஏற முடிந்திருந்தால் நேற்றே புறப்பட்டிருப்பேன் என்று அதில் எழுதியிருக்கிறார்.

ஆனால் நின்றபிறகு அந்த மனிதர் மாளிகைக் குசினியை ஊர்ச்சனத்துக்குத் திறந்துவிட்டார். மண்டபத்தில் நோயாளிகளுக்குப் பாய் போட்டார். வீங்கிய காலோடு நாற்காலியில் தூக்கிக்கொண்டு போகச் சொல்லி, படுத்திருந்தவர்களுக்கு நற்கருணை கொடுத்தார். அண்ணை எல்லாவற்றையும் எழுதி அனுப்பினார். நான் கால்வீக்கத்தை எடுத்துவிட்டேன். ஒரே ஒரு பந்திதான். பயந்துபோயிருந்த சனத்துக்கு அந்த மாதம் ஒரு நல்ல கர்தினால் தேவை என்று நினைத்தேன்.

இதழ் போன மறுநாள் மத்தியானம், ரெக்ஸ்டேலில் இருந்து மார்க்கம்வரை ஐம்பதில் ஓட்டிக்கொண்டு அண்ணை வந்தார். முகக்கவசத்தோடு எங்கள் டிரைவ்வேயில் இரண்டு மீற்றர் தள்ளி நின்றார். "கால்வீக்கம் எங்கை?" என்று கத்தினார். ஒரு காலைத் தூக்கித் தூக்கிக் காட்டினார். எங்கள் பக்கத்து வீட்டில் இருப்பவர் ஒரு சீனப் பெரியவர். அவர் சன்னலால் பார்த்துவிட்டு, யாரோ காலில் அடிபட்டு நிற்கிறார் என்று பதறிப்போய் ஒரு நாற்காலியைக் கொண்டுவந்து நடுவில் வைத்துவிட்டு ஓடினார். அண்ணை அவருக்கு நன்றி சொல்லி, உட்கார்ந்துகொண்டு கத்தலைத் தொடர்ந்தார்.

"அண்ணை, சனம் பயந்துபோய்க் கிடக்குது. ஆறுதலா ஒண்டைப் படிக்கட்டும் எண்டுதான் எடுத்தனான்," என்றேன்.

"ஆருக்கு ஆறுதல்? நீர் போட்டிருக்கிற ஆள் பிறக்கேக்கையே மகான். அவரைப் பார்த்து நான் என்ன செய்யிறது? கால் வீங்கினதால நிண்டவனும் நல்லது செய்யலாம் எண்டால், அது எனக்கு ஆறுதல். நிக்கவேண்டி வந்தது, நிண்டார். நிண்டாப் பிறகு குசினியைத் திறந்தார். ரெண்டையும் எழுதவேணும் பிள்ளை. ஒண்டை விட்டால் மற்றதும் பொய்யாப் போகும்."

அத்தோடு எழுதுவதை நிறுத்திவிட்டார். ஏறக்குறைய ஒரு வருடம். எனக்கும் ரோசம், நானும் கேட்கவில்லை. கடைசியில் பிலோமினா அக்காதான் தொலைபேசி எடுத்தார். "பிள்ளை, உவர் எழுதாமல் வீட்டுக்குள்ள இருந்து என்ர சமையலைத் திருத்துறார். கெதியா ஏதாவது செய்யும்." அடுத்த இதழின் முதல் பக்கத்தில், பெட்டி கட்டி, ஒரு திருத்தம் வெளியிட்டேன்: 'கர்தினால் வல்தெமாரிக்குக் கால்வீக்கம் இருந்தது. அதை நீக்கியது ஆசிரியரின் தவறு.' அன்று மாலையே அண்ணை அடுத்த அத்தியாயத்தை அனுப்பினார். நான் மேலே சொன்ன வாக்கை அவர் என்னிடம் வாங்கியதும் அன்றுதான்.

கடைசி அத்தியாயம் போன மாரிக்குளிரில் வந்தது. அண்ணைக்கு அப்போது இதயம் பலவீனமாகிவிட்டிருந்தது, கையெழுத்தும் நடுங்கியது. கிளினிக்கில் மதிய இடைவேளையில் உட்கார்ந்து தட்டச்சு செய்தேன். கர்தினால் இறக்கிறார். உறவினர் எல்லாரும் சூழ்ந்து நிற்க, தங்கையின் மகன் கையைப் பிடித்திருக்க, ஒவ்வொருவரையும் ஆசீர்வதித்து உயிர்விட்டார் என்பது முன்பாதி. பின்பாதியில் அந்த மருமகன் தன் தாய்க்கு எழுதிய கடிதம் இருக்கிறது. அவன் அங்கே இருக்கவில்லை. வழியில் வண்டியின் அச்சு முறிந்து, மறுநாள்தான் வந்து சேர்ந்தான். கர்தினாலின் பக்கத்தில் இருந்தது சமையல்காரன் ஒருவன் மட்டும். கர்தினால் கடைசியாகக் கேட்டது கொஞ்சம் முலாம்பழம். இரண்டு துண்டு சாப்பிட்டார், மிச்சப் பழத்தைச் சமையல்காரன் சாப்பிட்டுவிட்டான் என்று மருமகன் கடிதத்தில் கோபப்படுகிறான். அண்ணை அந்த இடத்தில், 'விடிந்ததிலிருந்து பக்கத்தில் நின்றவனுக்குப் பசிக்காதா?' என்று எழுதியிருந்தார்.

பிறகு இந்த வரிகள் இருந்தன. 'மருமகன் கையைப் பிடித்திருந்தான் என்று செயலாளர் எழுதியது அவனுக்குச் செய்த உதவி அல்ல. வாழ்நாள் முழுவதும் அவன் அந்தக் கட்டிலருகே நின்றவனாக நடிக்க வேண்டியதாயிற்று. அவன் வழியில் இருந்தான். வழியில் இருந்தவனும் வந்துகொண்டிருந்தவன்தான். அவனை யாரும் குற்றம் சொல்லியிருக்கமாட்டார்கள்.'

நான் தட்டச்சை நிறுத்திவிட்டுக் கழிப்பறைக்குள் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டேன். ஏன் என்று சொல்ல வேண்டும்.

என் அப்பா இறந்து பதினான்கு வருடங்கள் ஆகின்றன. அவருடைய நினைவு மலரை எழுதியதும் மரியநாயகம் அண்ணைதான். எங்கள் குசினி மேசையில் இருந்து நான் சொன்னேன்: "மகளின் கரத்தைப் பற்றியபடி அமைதியாகக் கண்மூடினார் எண்டு போடுங்கோ அண்ணை." வேலித் தகராறுக்காரருக்கு அத்தனை நேரம் யோசித்த மனிதர், அன்று யோசிக்கவே இல்லை. என் முகத்தை ஒருதரம் பார்த்தார், அப்படியே எழுதினார். மலரைப் படித்தவர்கள் என்னைக் கட்டிப்பிடித்து, "குடுத்துவைச்ச பிள்ளை," என்றார்கள். அந்தப் பெயரை நான் வாங்கி வைத்துக்கொண்டேன். அப்பாவின் ஒவ்வொரு ஆண்டுப் பூசையிலும் யாராவது ஒருவர் அதைச் சொல்லுவார். நான் தலையாட்டுவேன். பிறகு வீட்டுக்குப் போய்ச் சாப்பிடமாட்டேன்.

கிளினிக்கில் முகத்தைக் கழுவிக்கொண்டு அண்ணைக்குத் தொலைபேசி எடுத்தேன்.

"அண்ணை, இது கர்தினாலின்ர கதைதானே?"

"தலையில இத்தாலி எண்டு போட்டிருக்குத்தானே."

பிறகு நான், "சமையல்காரன்ர பேர் கடிதத்தில இல்லையோ?" என்று கேட்டேன்.

"இல்லை. சமையல்காரன்ர பேர் ஆருக்குத் தேவை? பொடியன் வந்துகொண்டிருந்தவன். அதுதான் முக்கியம்," என்றார். அதற்குப் பிறகு எங்கள் நீல மூடிப் பாத்திரங்களைப் பற்றிக் கேட்டேன். லைன் சரியில்லை, கேட்கவில்லை என்று சொல்லி வைத்துவிட்டார்.

அத்தியாயத்தை ஓர் எழுத்தும் மாற்றாமல் வெளியிட்டேன். நான்கு மாதத்தில் அண்ணை போய்விட்டார்.

இந்த அஞ்சலியின் முதல் பிரதியைப் பிலோமினா அக்காவிடம் கொண்டுபோய்க் காட்டினேன். கணவனைப் பற்றி இன்னும் நாலு நல்ல வார்த்தை சேர்க்கச் சொல்லுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, பேனாவை வாங்கி, 'பொறுமைசாலி' என்பதை வெட்டினார். 'எல்லாருக்கும் இனியவர்' என்பதை வெட்டினார். "ஆர் நம்புவினம்?" என்றார். 'மனைவியின் சமையலை ரசித்தவர்' என்ற இடத்தில் பேனாவை வைத்துக்கொண்டு அழுதார். பிறகு அதையும் வெட்டினார். கடைசிப் பக்கத்துக்கு வந்ததும், "நீர் உம்மட விஷயத்தை எழுதேல்லையே," என்றார். அண்ணை அவருக்கு எல்லாவற்றையும் சொல்லியிருந்தார் என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. வீட்டுக்கு வந்து இந்தப் பக்கங்களை மறுபடி எழுதினேன்.

மரியநாயகம் அண்ணையிடமிருந்து நான் எனக்கென்று வைத்துக்கொள்வது அந்த ஒரு வரியை: வழியில் இருந்தவனும் வந்துகொண்டிருந்தவன்தான். அதை வைத்துக்கொள்வதென்றால், என்னுடையது அல்லாத ஒன்றை நான் திருப்பிக் கொடுக்க வேண்டும். என் அப்பாவின் நினைவு மலர் உங்களில் பலர் வீட்டில் இருக்கும். தயவுசெய்து எடுத்துத் திருத்திக்கொள்ளுங்கள். அப்பா கண்மூடியபோது நான் அறையில் இருக்கவில்லை. ஆஸ்பத்திரிக் கார் தரிப்பிடத்தின் மூன்றாம் தட்டில் இடம் தேடிச் சுற்றிக்கொண்டிருந்தேன். நான் ஓடி வந்தபோது அப்பாவின் கையைப் பிடித்தபடி இருந்தவர், அன்று சும்மா பார்த்துவிட்டுப் போக வந்த மரியநாயகம் அண்ணை. காலையிலிருந்து நின்றிருக்கிறார். அப்பாவுக்குக் கொண்டுவந்து வைத்த ஜெலியையும் அவர்தான் சாப்பிட்டிருந்தார்.